மன்டோவானியும் ரொனல்ட் பின்ஜும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வெள்ளவத்தையில், கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கை ஒன்றில் எங்கள் வீடு. முன் அறையில் ஒரு ரெக்கோட் பிளேயரும் இருநூறுக்குக் கொஞ்சம் குறைவான இசைத்தட்டுகளும் இருக்கின்றன. மாதத்தில் ஒரு சனிக்கிழமை பின்னேரம் தெரிந்தவர்கள் நாலைந்து பேர் வந்து கேட்டுவிட்டு, பிளேன்டீ குடித்துவிட்டுப் போவார்கள். பழைய படப்பாட்டு ஓடும்வரை ஒருவரும் சந்தேகம் கேட்பதில்லை. பாடியவர் யார், இசை யார் என்று எல்லாருக்கும் மனப்பாடம். பாட்டில்லாமல் வயலின் கூட்டம் வாசிக்கும் மன்டோவானித் தட்டை வைத்தால்தான் கேள்வி தொடங்கும். பதினைந்து வருடமாக அதே கேள்விகளுக்கு அதே பதிலைச் சொல்லி எனக்கு வாய் வலிக்கிறது. அதனால் எழுதி வைக்கிறேன். கேள்விகளைக் கேட்டவர்களின் வாய்மொழியிலேயே போட்டிருக்கிறேன்.

இது நாங்கள் சின்ன வயதில ரேடியோவில கேட்டதுதானே? அப்ப ஏன் பேர் தெரியேல்லை?

கேட்டதுதான். கொழும்பு வானொலி 1949இல் ரேடியோ சிலோன் என்ற பெயருக்கு மாறியது. அடுத்த வருடம் வர்த்தக சேவை தொடங்கியது. தமிழ்ப் பாட்டு போட்டால் படம், பாடியவர், எழுதியவர், இசை எல்லாவற்றையும் அறிவிப்பாளர் ஒழுங்காகச் சொல்வார். பாடத்தில் கோட்டை விட்ட பிள்ளைகூட பாடலாசிரியர் பெயரில் தவறாது. ஆனால் ஒரு நிகழ்ச்சி முடிந்து அடுத்தது தொடங்க ஒன்றரை நிமிடம் மிஞ்சினால், அங்கே ஒரு வாத்திய இசை ஓடும். அதற்கு யாரும் பெயர் சொன்னதாக எனக்கு ஞாபகம் இல்லை. நேரம் வந்ததும் பாதியில் ஒலியைக் குறைத்து நிறுத்திவிடுவார்கள்.

காதுக்குத் தெரியும், வாய்க்குத் தெரியாது என்பது கொழும்பில் புதினமில்லை. விடிய பாண் விற்க வரும் சூன் பாண் ஓட்டோ போடுவது பேத்தோவனின் 'ஃபூர் எலிஸ்'. ஒழுங்கை முழுக்க அந்தச் சத்தத்துக்குப் படலையைத் திறக்கிறது. பெயர் கேட்டால் "பாண் மியூசிக்" என்பார்கள்.

மன்டோவானி எண்டுறது ஆளின்ரை பேரோ, கோஷ்டியின்ரை பேரோ?

இரண்டும்தான். ஆள், அனுன்சியோ பாவ்லோ மன்டோவானி. 1905 நவம்பர் 15இல் வெனிஸில் பிறந்தவர். தகப்பனும் வயலின்காரர், மிலானில் லா ஸ்காலா இசையரங்கில் இசை நடத்துனர் டொஸ்கனினியின் கீழ் முதல் வயலினாக இருந்தவர். குடும்பம் 1912இல் இங்கிலாந்துக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டது. பெயரைப் பார்த்து இத்தாலிய இசை என்று நினைக்கிறோம். வேலை முழுக்க லண்டனில் நடந்தது. 1930களில் 'டிபிகா ஓர்க்கெஸ்ட்ரா' என்று சிறிய குழு வைத்திருந்தார். யுத்தம் முடிந்த கையோடு நோயல் கவர்டின் மேடை நாடகத்துக்கு இசை நடத்தினார். உலகம் முழுக்கத் தெரிந்தது 1951க்குப் பிறகு. இறந்தது 1980 மார்ச்சில்.

தட்டின் மட்டையில் 'மன்டோவானியும் அவரது ஓர்க்கெஸ்ட்ராவும்' என்றே இருக்கும். கேட்பவர்கள் பின்பாதியை விட்டுவிட்டார்கள்.

அப்பப்பா, இதில ஏன் ஒருத்தரும் பாடேல்லை?

பேத்தி கேட்டது. நாங்கள் மெல்லிசை என்றால் பாட்டு என்றே எடுத்துக்கொள்கிறோம். பின்னால் வயலின் இருந்தாலும் பாடகருக்குத்தான் மைக். லைட் ஓர்க்கெஸ்ட்ரா என்பது அதற்குத் தலைகீழ். பாடகர் இடத்தில் வயலின் கூட்டம் நிற்கும். சிம்பனியைப் போல ஒரு மணித்தியாலம் நீளாது, நடன பாண்டைப் போல ஆடவும் கூப்பிடாது. மூன்று நிமிடம், ஒரு நல்ல மெட்டு, அவ்வளவுதான். இங்கிலாந்தில் இதற்கென்றே சந்தை இருந்தது. பிபிசி 1945இல் 'லைட் புரோகிராம்' என்று தனி அலைவரிசையே திறந்தது.

மன்டோவானியிடம் ஏறக்குறைய நாற்பது பேர். அதில் இருபத்தெட்டுப் பேர் நரம்பு வாத்தியக்காரர்கள். இந்தக் கணக்கை ஞாபகம் வைத்திருங்கள், பிறகு தேவைப்படும்.

அரேஞ்சர் எண்டவர் என்ன செய்யிறவர்? மெட்டு வேறை ஆள் போட்டது எண்டால் இவருக்கு என்ன வேலை?

'சார்மெய்ன்' என்ற மெட்டை எடுங்கள். அதை 1926இல் எர்னோ ரப்பே, லூ பொலக் என்ற இருவர் ஒரு பேசாப் படத்துக்காகப் போட்டார்கள். இருபத்தைந்து வருடம் பலர் பாடி, வாசித்துப் பழசாகிப் போன மெட்டு. 1951இல் அதே மெட்டை மன்டோவானி குழு வாசித்தபோது புதுச் சரக்குப் போல விற்றது. ஒரு சுரம் மாறவில்லை. எந்தச் சுரத்தை எந்த வாத்தியம், எந்த இடத்தில் எடுக்க வேண்டும், எதுவரை பிடிக்க வேண்டும், அடியில் என்ன ஓட வேண்டும் என்பதுதான் மாறியது. அதைத் தாளில் எழுதிக் கொடுப்பவர் அரேஞ்சர்.

எங்களுக்குத் தெரிந்த இடத்திலிருந்து சொன்னால், விஸ்வநாதன்–ராமமூர்த்தி படங்களின் எழுத்தோட்டத்தில் உதவி என்று கோவர்த்தனம் பெயர் வரும். பாட்டைக் கேட்டுக் கண்ணீர் விட்டவர்களில் எத்தனை பேர் அந்த வரியை வாசித்தார்கள்? மன்டோவானியிடம் அந்த வரியில் இருந்தவர் ரொனல்ட் பின்ஜ்.

யார் இந்த பின்ஜ்? கேள்விப்படாத பேராக் கிடக்கு.

1910 ஜூலை 15இல் இங்கிலாந்தின் டர்பி நகரில் பிறந்தவர். சின்ன வயதில் தேவாலயப் பாடற்குழுவில் பாடினார். பிறகு பேசாப் பட அரங்கில் ஓர்கன் வாசித்தார். பட அரங்கு ஓர்கன்காரருக்கு ஒரு பழக்கம் ஒட்டிக்கொள்ளும்: திரையில் என்ன மாறினாலும் உடனே ஒலியின் நிறத்தை மாற்ற வேண்டும். அழுகை, ஓட்டம், முத்தம் எல்லாவற்றுக்கும் இரண்டு கை, இரண்டு கால். அரேஞ்சர் வேலைக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் இல்லை என்பது என் எண்ணம்.

1930களின் நடுவில் மன்டோவானியின் டிபிகா குழுவில் சேர்ந்தார். அங்கே அக்கோர்டியன் வாசித்தார், எழுதியும் கொடுத்தார். யுத்தத்தில் விமானப்படையில் இருந்துவிட்டு, முடிந்ததும் திரும்ப மன்டோவானியிடம் வந்தார்.

அந்த அருவி மாதிரி விழுற வயலின், அது எக்கோ மெஷின் தானே? ஸ்டூடியோ வேலை எண்டு எனக்குத் தெரியும்.

இதைக் கேட்பவர்கள் பெரும்பாலும் சவுண்ட் சிஸ்டத்தோடு புழங்கியவர்கள். கேட்கும்போதே முகத்தில் ஒரு வெற்றிப் புன்னகை இருக்கும். ஸ்டூடியோக்களில் அப்போதே எதிரொலிக்கென்று தனி அறைகள் இருந்தது உண்மை. ஆனால் இந்த அருவி அதிலிருந்து வரவில்லை. தாளில் எழுதியது. மன்டோவானி 1950களின் நடுவிலிருந்து அமெரிக்காவில் ஊர் ஊராகப் போய் மேடையில் இதை வாசித்துக் காட்டினார்.

செய்வது எப்படி என்று வீட்டிலேயே பார்க்கலாம். நாங்கள் பார்த்தோம். நான்கு பேரை நான்கு கதிரையில் இருத்தினேன். மெட்டு ச–ரி–க–ம–ப என்று ஏறுகிறது என்று வையுங்கள். முதல் ஆள் 'ச' எடுத்து, மூச்சை விடாமல் பிடிக்க வேண்டும். இரண்டாம் ஆள் 'ரி' எடுத்துப் பிடிக்க வேண்டும். மூன்றாம் ஆளுக்கு 'க', நான்காம் ஆளுக்கு 'ம'. இப்போது நான்கும் ஒன்றாகத் தொங்கிக்கொண்டிருக்கும். 'ப' வரும்போது முதல் ஆள் 'ச'வை விட்டுவிட்டு அதற்குத் தாவ வேண்டும்; பிறகு இரண்டாம் ஆள் 'த'வுக்கு. ஒவ்வொரு புதுச் சுரமும் முந்தைய மூன்றின் வாலை இழுத்துக்கொண்டு வரும். முதல் இரண்டு தரம் பேத்திக்குச் சிரிப்பு வந்து 'ரி' அறுந்துபோனது. மூன்றாம் தரம் பிடித்தது. அறை ஏதோ பெரிய மண்டபமாகிவிட்டது போல இருந்தது. மனைவி குசினியிலிருந்து எட்டிப் பார்த்தார். பின்ஜ் செய்தது இதுதான். வயலின்களைப் பல கூட்டமாகப் பிரித்து, மெட்டைச் சுரம் சுரமாகப் பங்கு போட்டார். இருபத்தெட்டு நரம்புக்காரர்கள் ஏன் தேவைப்பட்டார்கள் என்று இப்போது விளங்கும். ஐந்து பேரை வைத்துப் பிரித்தால் பங்குக்கு ஒரு ஆள்தான் மிஞ்சுவார், சத்தம் மெலிந்துவிடும்.

இதில் எனக்குப் பிடித்தது வேறொன்று. அந்த வயலின்காரர்களில் ஒருவர் தன் தாளை வீட்டுக்குக் கொண்டுபோய்த் தனியே வாசித்தால் அந்த அருவி இடங்களில் மெட்டு வராது. அங்கொன்றும் இங்கொன்றுமாக நீண்ட சுரங்கள்தான் வரும். மெட்டு யாருடைய தாளிலும் முழுதாக இல்லை. எல்லாரும் சேர்ந்து இருந்தால்தான் காற்றில் உண்டாகும்.

இந்த யோசனை அவருக்கு எங்கால வந்தது?

தேவாலயத்திலிருந்து. பெரிய கல் கட்டடத்தில் ஒரு சுரம் உடனே அடங்காது. அடுத்த சுரம் அதன் மேல் ஏறிவிடும். வெனிஸ் நகரின் புனித மாற்கு பேராலயத்துக்காக இசை எழுதிய மொன்டவேர்டியை பின்ஜ் படித்திருந்தார். அந்த எதிரொலியைக் கட்டடம் இல்லாமலே எழுத்தில் கொண்டுவர முடியுமா என்று பார்த்தார். பிறந்த ஊர் வெனிஸ் என்பது மன்டோவானிக்கு. வெனிஸைத் தேடிப் போனதோ டர்பிக்காரர்.

விளங்காதவர்கள் கொட்டாஞ்சேனை புனித லூசியாள் பேராலயத்துக்குப் போய், குவிமாடத்தின் கீழ் நின்று மெதுவாக ஒரு சத்தம் கொடுத்துப் பாருங்கள். பூசை நேரத்தில் வேண்டாம்.

அப்ப மன்டோவானி சும்மா கம்பை ஆட்டினவர், வேலை முழுக்க பின்ஜ் செய்தது. சரியோ?

இல்லை. அரேஞ்சரைப் பற்றித் தெரிய வந்ததும் எல்லாரும் ஒருமுறை இந்தப் பக்கம் சாய்வார்கள், நானும் சாய்ந்தேன். வயலின்கள் முன்னால் நிற்கும் ஒரு பெரிய, தனித்துவமான ஒலி வேண்டும் என்று தேடியவர் மன்டோவானி. அவரே தேர்ந்த வயலின்காரர். வில்லை எவ்வளவு நீளமாக இழுப்பது, எங்கே கூட்டம் கூட்டமாக விடுவது என்று நாற்பது பேரைப் பழக்கியதும் அவர். மேலே சொன்ன நான்கு கதிரை விளையாட்டில் ஒரு ஆள் அரை நொடி பிந்தினாலும் அருவி சேறாகிவிடும். எழுத்து பின்ஜுடையது, அது விழாமல் நின்றது மன்டோவானியால்.

மன்டோவானித் தட்டுகளை வெளியிட்ட டெக்கா நிறுவனத்தின் ஒலிப்பதிவாளர்களுக்கும் ஒரு பங்கு உண்டு. யுத்த காலத்திலேயே உயர்ந்த சுரங்களைச் சுத்தமாகப் பிடிக்கும் முறையை அவர்கள் வைத்திருந்தார்கள். வயலினின் மேல் சுரம் கேட்காத தட்டில் இந்த இசை ஒரு சதம் பெறாது.

மன்டோவானி எல்லாமே ஒரே சத்தம். ஒண்டைக் கேட்டால் எல்லாம் கேட்ட மாதிரி. ஹோட்டல் லிஃப்ட் மியூசிக்!

பாதி சரி. 'சார்மெய்ன்' விற்றதும் அதே மாதிரி வேண்டும் என்று எல்லாரும் கேட்டார்கள், அவரும் கொடுத்தார். வருடத்துக்கு வருடம் தட்டுகள். அருவியைத் தேவையில்லாத இடத்திலும் திறந்துவிட்டவை அவற்றில் உண்டு. பிந்திய தட்டுகள் சிலதை நான் ஒரு பக்கத்துக்கு மேல் கேட்டதில்லை.

ஆனால் 1953இல் வந்த 'மூலான் ரூஜ்' பட மெட்டைக் கேளுங்கள். மெட்டு ஜோர்ஜ் ஓரிக் என்ற பிரெஞ்சுக்காரருடையது; அதில் அக்கோர்டியன்தான் கதை சொல்கிறது. பிரித்தானிய விற்பனைப் பட்டியலில் பாட்டில்லாமல் முதலிடத்துக்கு வந்த முதல் தட்டு அது. அதே வருடம் வந்த 'சுவீடிஷ் ரப்சடி' துள்ளி ஓடும். இவற்றை லிஃப்டில் போட்டது லிஃப்டின் குற்றம்.

பின்ஜ் ஏன் விட்டிட்டுப் போனவர்? சண்டையோ?

எங்களுக்கு எப்போதும் ஒரு சண்டை வேண்டும். விஸ்வநாதனும் ராமமூர்த்தியும் 1965இல் பிரிந்ததற்கு இன்றைக்கும் வெள்ளவத்தையில் ஆளுக்கொரு காரணம் வைத்திருக்கிறார்கள். இங்கே விஷயம் எளிது. பின்ஜுக்குச் சொந்த மெட்டு எழுத ஆசை. 1950களின் தொடக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போனார். அவர் இடத்தில் சிசில் மில்னர், ரோலண்ட் ஷோ போன்றவர்கள் எழுதினார்கள். ஆகவே பிந்திய மன்டோவானித் தட்டில் அருவி கேட்டால் உடனே பின்ஜ் என்று சொல்லிவிடாதீர்கள். முறை அவருடையது, எழுத்து வேறொருவருடையதாக இருக்கலாம். இந்தப் பிழையை நானே பல வருடம் விட்டேன், அதுவும் நாலு பேர் முன்னால்.

'எலிஸபெத்தன் செரனேட்' ராணிக்காக எழுதினதோ? அவ இங்கையும் வந்தவ எல்லே?

வந்தவர்தான், 1954 ஏப்ரலில். அப்போது அவர் இலங்கைக்கும் ராணி. ஆனால் பின்ஜ் எழுதிய இந்த மெட்டு அவருக்காகப் பிறக்கவில்லை. 1951இல் மன்டோவானி குழு அதை முதலில் வாசித்தபோது அதன் பெயர் 'அந்தாந்தே கன்டாபிலே'. மெதுவாக, பாடுவது போல என்று பொருள். வாசிக்கும் முறைக்கான குறிப்பையே தலைப்பாகப் போட்டது போல. பின்ஜ் கைப்பட எழுதிய தாள்களில் இன்னொரு பெயர், 'தெருவில் போகும் மனிதன்' என்ற பொருளில். 1952 பெப்ரவரியில் எலிசபெத் முடிக்கு வந்தார்; புது எலிசபெத் காலம் என்று ஊரே பேசிக்கொண்டிருந்தது; பின்ஜ் பெயரை மாற்றினார். தெருவில் போன மனிதனுக்கு ராணி பட்டம் கிடைத்தது. 1957இல், இசை எழுதுபவர்களுக்குக் கொடுக்கும் ஐவர் நொவெல்லோ விருதும் கிடைத்தது.

ஜேர்மனியில் இதற்குச் சொற்கள் போட்டுப் பாடற்குழு பாடியது. ஜமேய்க்காவில் இதை 1970 வாக்கில் ரெகே ஆக்கினார்கள். அதை வாசித்தவர் போரிஸ் கார்டினர். சனிக்கிழமைக் கூட்டத்தில் நான் இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டபோது, ரெகேக்குத்தான் கால் ஆடியது.

இதுல பாட்டு ஒண்ணும் வராதா? எங்க தாத்தா டேவிட் விட்ஃபீல்ட் பாட்டு ஒண்ணு சொல்வாரு.

'காரா மியா', 1954. பாடியது விட்ஃபீல்ட், பின்னால் மன்டோவானி குழு. பிரித்தானியாவில் பத்துக் கிழமை முதலிடம். எழுதியவர்களில் ஒருவராக 'டூலியோ ட்ரபானி' என்று மட்டையில் இருக்கும். அது மன்டோவானியின் புனைபெயர்.

அப்பாவிட்ட இருக்கிற 'சார்மெய்ன்' தட்டில ஸ்டீரியோ எண்டு போட்டிருக்கு. அது முதல் பதிவுதானே, நல்ல விலைக்குப் போகுமோ?

முதல் பதிவு அல்ல. அது 1951, டெக்கா ஸ்டீரியோ தட்டுகளை விற்கத் தொடங்கியது 1958. மன்டோவானி தன் பழைய வெற்றிகளைத் திரும்ப ஸ்டீரியோவில் பதிந்தார். உங்கள் அப்பாவிடம் இருப்பது பெரும்பாலும் அப்படி ஒன்று. விலைக்கு ஆசைப்படாதீர்கள். ஸ்டீரியோத் தட்டுகளைப் பத்து லட்சத்துக்கு மேல் விற்ற முதல் கலைஞர் என்று பெயர் எடுத்தவர் அவர். அத்தனை விற்ற ஒன்று அரிய பொருள் ஆகாது.

ஆனால் கேட்பதற்கு அதையே வைத்திருங்கள். சுரங்கள் ஒரு கூட்டத்திலிருந்து இன்னொரு கூட்டத்துக்குத் தாவுவது இடமும் வலமுமாகப் பிரிந்து கேட்கும். இரண்டு ஒலிபெருக்கிக்கும் நடுவில் கதிரையைப் போட்டு இருங்கள்.

வாப்பாட ரெக்கோட் எல்லாம் பூஞ்சணம் புடிச்சிருக்கு. ஸ்பிரிட் போட்டுத் தொடச்சா சரியா?

கையை எடுங்கள்! முதலில் தட்டின் வகையைப் பாருங்கள். பாரமாக, தட்டினால் பீங்கான் போலச் சத்தம் போட்டால் அது 78 வேகத்துப் பழைய தட்டு. அது அரக்கில் செய்தது. ஸ்பிரிட்டில் அரக்குக் கரையும். எனக்கு எப்படித் தெரியும் என்றால், என் மாமா ஒருவர் உதவி செய்வதாக நினைத்து ஒரு மன்டோவானி 78ஐ பஞ்சும் ஸ்பிரிட்டுமாகத் துடைத்துப் பளபளவென்று தந்தார். பஞ்சு கறுப்பாக இருந்தது. அது ஊத்தை என்று அவருக்குச் சந்தோசம். ஊசியை வைத்தபோது கடல் இரைச்சல்தான் கேட்டது.

அரக்குத் தட்டுக்குக் குளிர்ந்த தண்ணீரில் ஒரு சொட்டுப் பாத்திரம் கழுவும் திரவம், மெல்லிய துணி, நடுவிலுள்ள லேபல் நனையாமல். உடனே ஈரத்தை ஒற்றி எடுங்கள். நிறுத்தி வையுங்கள், அடுக்கிப் படுக்கவைக்க வேண்டாம். வெள்ளவத்தைக் கடற்காற்றுக்கு யன்னல் பக்கத்து அலுமாரி ஆகாது. 78க்கு அகலமான ஊசி வேண்டும், பிந்திய எல்.பி. தட்டுகளுக்கான ஊசியால் வாசித்தால் பள்ளத்தின் அடியில் உரசி இரைச்சல்தான் எடுக்கும்.

துடைச்சும் வயலின் எல்லாம் அசைஞ்சு அசைஞ்சு அழுகுது. ஊசி மாத்தட்டா?

தட்டுச் சுற்றும்போது ஊசிக்கையைப் பக்கவாட்டில் பாருங்கள். இடம் வலமாக ஆடினால் நடுத்துளை சரியான இடத்தில் இல்லை. மேலும் கீழுமாக ஏறி இறங்கினால் தட்டு வளைந்திருக்கிறது. இரண்டுக்கும் ஊசியில் மருந்து இல்லை. தபேலாவும் குரலும் இருக்கும் பாட்டில் இந்த ஆட்டம் அவ்வளவு தெரியாது. மூன்று நான்கு சுரங்கள் ஒன்றாகத் தொங்கும் இசையில் உடனே காட்டிக்கொடுத்துவிடும். தட்டைச் சோதிக்க வேண்டுமென்றால் நான் முதலில் 'சார்மெய்ன்'தான் கேட்பது.

பின்ஜ் எழுதினதில ஒண்டு மட்டும் கேக்கிறதெண்டால் எது?

'வாட்டர்மில்'. 1958. ஓபோ என்ற ஊதுகுழல் ஒன்று, அடியில் நரம்பு வாத்தியங்கள், தண்ணீர்ச் சக்கரம் சுற்றுகிறது. அருவி வித்தை எதுவும் இல்லை.

ஆனால் அதிகம் பேர் கேட்டது 1963இல் எழுதிய 'செயிலிங் பை'. பிபிசி ரேடியோ 4இல் நள்ளிரவு கழிந்து முக்கால் மணி வாக்கில், கப்பல்களுக்கான காலநிலை அறிக்கைக்கு முன்னால் அது ஓடும். அறிக்கை குறித்த நேரத்தில் தொடங்க வேண்டும் என்பதால் மிச்ச நேரத்தை நிரப்பவும், கடலில் இருப்பவர்கள் அலைவரிசையைப் பிடித்துக்கொள்ளவும். ரேடியோ சிலோன் இடைவெளிகளைப் பற்றி முதல் பதிலில் சொன்னேனே, அதே வேலைதான்.

அங்கே குளிர்காலம் என்றால் எங்களுக்கு அது காலை ஆறேகால். போனில் போட்டுவிட்டுத் தேத்தண்ணி வைப்பேன். சில நாள் அந்த நேரம் பார்த்து சூன் பாண் ஓட்டோவும் ஒழுங்கைக்குள் திரும்பும். இரண்டுக்கும் மூன்றடித் தாளம். கொஞ்ச நேரம் ஒன்றின் வாலில் மற்றது ஏறும். பிறகு மனைவி போனை நிறுத்தச் சொல்வார், பாண்காரர் கூப்பிடுவது கேட்கவில்லை என்று.